கேபினில் மணி அடிக்கவில்லை

ஆகஸ்ட் 18, வெள்ளி

என் வீட்டுக்காரி சம்பூர்ணம் சொல்லித்தான் இதை எழுத ஆரம்பிக்கிறேன். சொன்னாள் என்றால் அன்பாகச் சொல்லவில்லை. காலையில் நான் கடைக்குப் போய்விட்டு வந்த பையைக் கவிழ்த்துப் பார்த்தாள். "கொள்ளு வாங்கிட்டு வாங்கன்னா எள்ளு வாங்கிட்டு வந்து நிக்கறீங்க. இனிமே நாஞ் சொல்றதையெல்லாம் எழுதி வெச்சுக்குங்க" என்று ஒரு பழைய டைரியை எடுத்து முன்னால் போட்டாள். அடுப்பைப் பார்த்துக்கொண்டு வாய்க்குள்ளேயே முணுமுணுத்தால் கொள்ளும் எள்ளும் ஒன்றாகத்தான் காதில் விழும். வாங்கியது வாங்கியாகிவிட்டது. எள்ளுருண்டை பிடிக்கட்டும்.

தாராபுரம் செண்பகா தியேட்டரில் நான் ஆபரேட்டர். பெயர் நாச்சிமுத்து. பெயர் சொல்லி யாரும் கூப்பிடுவதில்லை. முதலாளிக்கு ஆபரேட்டர், மற்றவர்களுக்கு ஆபரேட்டரண்ணா. ஃபிலிம் பெட்டி வந்த காலத்தில் சேர்ந்தவன், இப்போது கம்ப்யூட்டரில் ஓட்டுகிறேன். ஃபிலிம் போய்விட்டதே என்று அழுகிறவர்கள் இருக்கிறார்கள். நான் அழவில்லை. வேலை சுலபமானதற்கு யாராவது அழுவார்களா?

இன்று புதுப்படம். மேட்னியில் பால்கனி ஆசாமி ஒருவர் நடுவில் எழுந்து போய், காது கிழிகிறது என்று முதலாளியிடம் புகார் சொன்னாராம். படம் பார்க்க வருகிறார்களா, தூங்க வருகிறார்களா தெரியவில்லை.

ஆகஸ்ட் 21, திங்கள்

கூட்டம் இல்லாத நாள். கேபின் ஏசியின் ஃபில்டரைக் கழற்றிக் கழுவிக் காயவைத்தேன். கேபினுக்கும் ஹாலுக்கும் நடுவில் இருக்கிற கண்ணாடியை இரண்டு பக்கமும் துடைத்தேன். மேலே ஒரு புறாக் கூடு. கலைக்க மனம் வரவில்லை, விட்டுவிட்டேன்.

சவுண்டு மிஷினில் ஓர் எண் தெரியும். எங்கள் ஹாலுக்கு ஐந்து போதும் என்று வைத்துவிட்டுப் போனார் கம்பெனி என்ஜினீயர். நான் கொஞ்ச நாளாக ஆறில் ஓட்டுகிறேன். ஐந்தில் வைத்தால் ஒரு வசனமும் விளங்குவதில்லை. இப்போது வருகிற நடிகர்கள் எல்லாரும் சம்பூர்ணத்திடம் பேசக் கற்றுக்கொண்டவர்கள் போலிருக்கிறது.

ஹாலுக்குள் சத்தம் எப்படி இருக்கிறது என்று கேபினில் இருப்பவனுக்குச் சரியாகத் தெரியாது. அதைச் சொல்ல வேண்டியவள் பூங்கோதை. டிக்கெட்டைக் கிழித்துவிட்டு, டார்ச் அடித்து சீட்டைக் காட்டுகிற வேலை அவளுக்கு. பால்கனிக் கதவோரம் நின்றுகொண்டு கேபினைப் பார்த்து டார்ச்சை இரண்டு தரம் மேலே தூக்கினால், சத்தத்தை ஏற்று. வட்டம் போட்டால், குறை. பக்கவாட்டில் ஆட்டினால் ஏதோ கோளாறு, இன்டர்காமை எடு. ஆடாமல் அசையாமல் இருந்தால் எல்லாம் சரி. எங்களுக்குள் நாங்களே ஏற்படுத்திக்கொண்ட பாஷை.

இந்த வாரம் முழுக்க வட்டமாகவே போடுகிறாள். கை வலிக்கப் போகிறது.

ஆகஸ்ட் 27, ஞாயிறு

கேபினுக்குள் ஒரு சின்ன ஸ்பீக்கர் உண்டு, ஹாலில் ஓடுவதை நான் கேட்பதற்காக. அது கெட்டுப்போயிற்று. போன வாரமே முதலாளியிடம் சொன்னேன். இன்று புதிது வந்து மாட்டினேன். அதுவும் கெட்டது. இப்போதெல்லாம் எந்தப் பொருள் உருப்படியாக வருகிறது?

பரவாயில்லை. எனக்கு ஸ்பீக்கரும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம். உள்ளங்கையைக் கண்ணாடி மேல் வைத்தால் போதும். சண்டை நடக்கிறதா, பாட்டு ஓடுகிறதா என்று கையே சொல்லிவிடும்.

கேன்டீன் முஸ்தபாவிடம் இதைப் பெருமையாகச் சொன்னேன். அவன் டீ கிளாஸை வைத்துவிட்டு என்னை ஒரு மாதிரியாகப் பார்த்துக்கொண்டே இறங்கிப் போனான்.

ஆகஸ்ட் 30, புதன்

மழை. மேட்னிக்கு விரல் விட்டு எண்ணுகிற கூட்டம். சம்பூர்ணம் சொன்னதை எழுதிக்கொண்டேன்: தேங்காய், ஊதுபத்தி, பல்பு.

செப்டம்பர் 3, ஞாயிறு

எழுதக் கூசுகிறது. ஆனால் தப்பு என் பேரில் இல்லை என்பதால் எழுதுகிறேன்.

காலையில் சம்பூர்ணமும் நானும் மூலனூருக்குப் போக பஸ் ஸ்டாண்டில் நின்றோம். போஸ்டர் ஒட்டுகிற தங்கராசு எதிரே வந்தான். அவனுடைய அப்பா எங்கள் தியேட்டர் சைக்கிள் ஸ்டாண்டில் இருந்தவர், ரொம்ப நாளாகப் படுக்கையில் கிடந்தார். அய்யன் எப்படி இருக்கிறார் என்று கேட்டேன்.

"எங்கய்யன் தேறிட்டாருங்கண்ணா" என்றான்.

"ரொம்ப சந்தோஷம்ப்பா. நான் கேட்டேன்னு சொல்லு" என்று முதுகில் தட்டினேன்.

அவன் முகம் போன போக்கைப் பார்த்ததும் ஏதோ ஆகிவிட்டது என்று தெரிந்தது. சம்பூர்ணம் என்னை இழுத்துப் பின்னால் தள்ளிவிட்டு அவன் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அவன் சொன்னது தவறிட்டாரு என்று. அத்தனை பஸ் ஹாரன் அடிக்கிற இடத்தில் தவறியதும் தேறியதும் யாருக்குத்தான் பிரித்துக் கேட்கும்?

மூலனூர் போய்ச் சேருகிறவரை சம்பூர்ணம் பேசவில்லை. பேசியிருந்தால் எனக்குக் கேட்டிருக்கும்.

செப்டம்பர் 8, வெள்ளி

"கோயமுத்தூர் போய் ஒருக்கா காதைக் காட்டிட்டு வந்துரலாமுங்க" என்கிறாள். கிட்டே வந்து நின்று, முகத்துக்கு நேராகச் சொன்னாள். நன்றாகவே கேட்டது. கேட்கிறதே, அப்புறம் எதற்கு டாக்டர்? வலி இல்லை, சீழ் இல்லை. காது கேட்காதவன் என்று ஒரு டாக்டர் எழுதிக் கொடுத்துவிட்டால் அப்புறம் கேபினில் என்னை யார் உட்காரவைப்பார்கள்? இதை அவளிடம் சொல்லவில்லை.

மிஷினில் இப்போது ஆறரை.

செப்டம்பர் 15, வெள்ளி

பெரிய படம். காலைக் காட்சிக்கே ஹால் நிரம்பி, படிக்கட்டிலெல்லாம் உட்கார்ந்திருக்கிறார்கள். வாசலில் தேங்காயும் பூசணிக்காயும் உடைத்து வழுக்கிக்கொண்டு கிடக்கிறது. முதல் நாளில் ரசிகர்கள் கேபினுக்குள் ஏறிவிடாமல் கதவை உள்ளே தாழ் போட்டுக்கொள்வது வழக்கம். போட்டுவிட்டேன். படம் தன்பாட்டுக்கு ஓடுகிறது, நான் இதை எழுதுகிறேன்.

இப்போதுதான் ஹீரோ வந்தார். ஹால் எழுந்து நின்றது. கையைக் கண்ணாடியில் வைத்துப் பார்த்தேன், அதிருகிறது. அப்புறம் நடந்ததுதான் அதிசயம். எழுந்தவர்கள் உட்காரவே இல்லை. திரையை விட்டுவிட்டு, எல்லோரும் என் பக்கம் திரும்பிக் கையைத் தூக்குகிறார்கள். வாயைத் திறந்து என்னமாய்க் கத்துகிறார்கள்! ஹீரோவைப் பார்த்து ஆடுகிறவர்களைத்தான் இதுவரை பார்த்திருக்கிறேன். ஆபரேட்டரைப் பார்த்து ஆடுகிறவர்களை இன்றுதான் பார்க்கிறேன். செல்போன் விளக்குகளையெல்லாம் கேபின் பக்கம் ஆட்டுகிறார்கள். அந்தக் கூட்டத்தோடு சேர்ந்து பூங்கோதையும் டார்ச்சை இப்படியும் அப்படியும் ஆட்டுகிறாள். அவளுக்கும் குஷி.

நானும் கண்ணாடி வழியாகக் கை காட்டினேன். இன்னும் துள்ளினார்கள். எனக்குக் கண் கலங்கிவிட்டது, அதைச் சொல்வதில் என்ன வெட்கம்? இருட்டில் உட்கார்ந்து படம் ஓட்டுகிறவனையும் ஒரு நாள் திரும்பிப் பார்த்தார்களே.

கதவுத் தாழ்ப்பாள் துள்ளுகிறது. யார் என்று பார்த்துவிட்டு வருகிறேன்.

செப்டம்பர் 16, சனி

தாழ்ப்பாளை எடுத்ததும் முதலாளி விழாத குறையாக உள்ளே வந்தார். பின்னால் முஸ்தபா. "எத்தன நேரமாத் தட்டறதுய்யா!" என்று கத்தினார். அது நன்றாகக் கேட்டது.

திரைக்குப் பின்னால் நடுவில் இருக்கிற ஸ்பீக்கரின் ஆம்ப்ளிஃபையர் நின்றுபோயிருக்கிறது. வசனம் முழுக்க அதில்தான் வரும். பக்கத்து ஸ்பீக்கர்களில் இசை மட்டும் ஓடியிருக்கிறது, அதனால்தான் கண்ணாடி அதிர்ந்தது. ஹீரோ வந்து முதல் வசனம் பேசுகிறார், வாய் மட்டும் அசைகிறது. எதிரியை மிரட்டுகிறார், வாய் மட்டும் அசைகிறது. ஹால் முழுக்கத் திரும்பி "சவுண்டு, சவுண்டு" என்று கத்தியிருக்கிறார்கள். பதிலுக்கு ஆபரேட்டர் கை ஆட்டியிருக்கிறார். அதைப் பார்த்த பிறகுதான் வெறி பிடித்ததாம். வாசலில் உடைத்த தேங்காய் மூடியை எடுத்து எவனோ எறிய, திரையில் ஒரு முழ நீளத்துக்குக் கிழிசல். பால்கனியில் ஒரு வரிசை சீட் போயிற்று.

இன்று காலை முதலாளி எங்களைக் கூட்டி நிறுத்தி விசாரித்தார்.

"ஆபரேட்டரே, சத்தம் போன ஒடனே ஹாலுக்குள்ள இருந்து உங்களுக்கு யாருமே போன் பண்ணலையா?"

"இல்லீங்க. கேபின்ல மணியே அடிக்கலீங்க. அடிச்சிருந்தா எடுத்திருப்பனே" என்றேன். உண்மையைத்தான் சொன்னேன். சாமி சத்தியமாக மணி அடிக்கவில்லை.

"ஏம்மா பூங்கோதை? ஹாலுக்குள்ள நின்னது நீதானே? நீ கூப்புடலையா?"

பூங்கோதை என்னைப் பார்த்தாள். நான் அவளைப் பார்த்தேன். முஸ்தபா ஏதோ சொல்ல வாயெடுத்தான், அவள் அதற்குள் சொல்லிவிட்டாள்.

"கூப்புடலீங்க. கூட்டத்தப் பாத்து பயந்துட்டனுங்க. மறந்துட்டேன்."

சரிதான். நான் சொன்னதும் அவள் சொன்னதும் ஒன்றாகிவிட்டது. மனசுக்கு நிம்மதி. பாவம், நல்ல பெண், பதறிவிட்டாள். முதலாளி நான்கு வார்த்தை திட்டுவார், அதோடு போய்விடும்.

செப்டம்பர் 17, ஞாயிறு

பூங்கோதை வரவில்லை. முஸ்தபாதான் டிக்கெட் கிழித்தான்.

செப்டம்பர் 19, செவ்வாய்

அவளை நிறுத்திவிட்டார்களாம். திரை கிழிந்ததற்கு யாராவது ஒருவர் தலை உருள வேண்டுமே. திருப்பூரில் நர்ஸிங் படிக்கிற பெண்ணை வைத்துக்கொண்டு தனியாகக் கிடக்கிறவள். ஆனாலும் தப்பு தப்புதானே? போனை எடுத்து ஒரு பட்டனை அழுத்த எவ்வளவு நேரம் ஆகும்?

இரவு சாப்பாட்டில் உப்பு இல்லை. சம்பூர்ணத்திடம் சொன்னேன். ஏன் கத்தறீங்க என்றாள். நான் கத்தவில்லை.

செப்டம்பர் 24, ஞாயிறு

மேட்னி ஓடிக்கொண்டிருந்தது. முஸ்தபா டீ கொண்டுவந்தான். நான் இன்டர்காம் மேஜைக்குப் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தேன், கை நீட்டினால் தொடலாம். இரண்டு பேரும் கிரிக்கெட் பேசிக்கொண்டிருந்தோம். பேச்சுக்கு நடுவில் முஸ்தபா சட்டென்று திரும்பி, எட்டி இன்டர்காமை எடுத்துக் காதில் வைத்தான். "ஆமாங்க. இங்கதானுங்க. இதோ வர்றேன்" என்று சொல்லி வைத்தான்.

"எதுக்கு எடுத்தே?" என்றேன்.

"அடிச்சுதுங்களே."

"எது?"

டீ ஆறுவதைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"முஸ்தபா, கீழே போய் இங்க போன் அடி. நான் எடுக்கற வரைக்கும் விடாம அடி."

"வேண்டாமுங்கண்ணா."

"போடான்னா."

போனான். நான் உள்ளங்கையை இன்டர்காம் பெட்டி மேல் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். கொஞ்ச நேரத்தில் கைக்குள் அது துடித்தது, தவளையைப் பிடித்தால் துடிக்குமே அப்படி. கையை எடுத்தேன். ஒன்றுமே இல்லை. திரும்ப வைத்தேன். துடித்துக்கொண்டே இருந்தது.

முஸ்தபா மேலே வந்தபோது கேட்டேன். "அன்னைக்கு பூங்கோதை போன் பண்ணுச்சா?"

இந்தத் தடவை அவன் என் காதோரம் குனிந்து சொன்னான். "வெரல் தேயற மட்டும் அடிச்சுதுங்கண்ணா. நான் பக்கத்துலதான் நின்னேன். போனை வெச்சுட்டு மேல ஓடியாந்து கதவையும் தட்டுச்சு. அப்புறந்தான் நான் போய் மொதலாளியக் கூட்டியாந்தேன்."

இன்று வேறு எதுவும் எழுத முடியாது.

செப்டம்பர் 26, செவ்வாய்

கார்ப்பரேஷன் தண்ணீர் வரவில்லை என்று எழுதப் போனேன், எங்கள் ஊர் முனிசிபாலிட்டி. புத்தி ஒரு நிலையில் இல்லை. கொள்ளு வாங்கினேன். சீட்டில் எழுதிக்கொண்டு போய், கடைக்காரரிடம் சீட்டையே நீட்டி வாங்கினேன்.

மிஷினை ஐந்துக்கு இறக்கிவைத்தேன். படம் ஊமையாகிவிட்டது. யாரும் புகார் சொல்லவில்லை.

செப்டம்பர் 28, வியாழன்

பூங்கோதை வீட்டுக்குப் போனேன். அமராவதி ஆற்றங்கரைப் பக்கம், ஓட்டு வீடு. வாசலில் உட்கார்ந்து ஏதோ ஹோட்டலுக்குச் சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கவில்லை. ஒரு முக்காலியைக் காலால் தள்ளினாள்.

நான் என்ன பேசினேன் என்று எழுதப் பெரிதாக ஒன்றும் இல்லை. ஏன் அப்படிச் சொன்னே என்று கேட்டேன். அவள் வெங்காயத்தைப் பார்த்து ஏதோ சொன்னாள். என்ன என்றேன். திரும்பச் சொன்னாள். என்ன என்றேன். அதற்கப்புறம் கத்தினாள், தெருவே கேட்கிற மாதிரி.

"மணியே அடிக்கலன்னு அடிச்சுச் சொன்னீங்களே, அதுக்கு மேல நான் என்னத்தச் சொல்றது? நான் போன் பண்ணுனேன்னு சொன்னா மொதலாளி என்ன பண்ணுவாரு? அங்கயே போனை அடிச்சுப் பாப்பாரு. உங்க காது அத்தன பேரு முன்னாலயும் சந்தி சிரிச்சுப் போயிரும். நாலு திட்டுத்தானே, வாங்கிக்கலாம்னு நெனச்சேன். வேலைய விட்டே தூக்குவாருன்னு கண்டனா?"

"எனக்குத் தெரியாது பூங்கோதை. நெசமாவே எனக்குக் கேக்கல."

"ஒரு வருசமா வட்டம் போட்டுட்டு இருக்கறேன். அதுக்குக் கண்ணு போதுமே, காது எதுக்கு?"

உரித்த வெங்காயத்தை ஒரு பக்கமாக ஒதுக்கிவிட்டு, "இப்ப எதுக்கு வந்தீங்க? நான் எப்படிக் கெடக்கறேன்னு பாக்கவா?" என்றாள். கண்ணில் தண்ணீர் வழிந்தது. வெங்காயமா, அழுகையா என்று கேட்கத் தோன்றவில்லை.

முதலாளியிடம் சொல்லிவிடுகிறேன், உன்னைத் திரும்பக் கூப்பிட வைக்கிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டு வந்தேன்.

வீட்டில் எல்லாவற்றையும் சம்பூர்ணத்திடம் சொன்னேன். கேட்டுவிட்டு, அவளும் முகத்துக்கு நேராக வந்து நின்றாள். "மணி கேக்கல, சரி. அந்தப் புள்ளைய வேலைய விட்டுத் தூக்குனாங்களே, அப்பவாவது ஏம்மா, என்னாச்சுன்னு அதுகிட்ட ஒரு வார்த்த கேக்கலையே. அது காதுலயா கோளாறு?"

அக்டோபர் 2, திங்கள்

காந்தி ஜெயந்தி விடுமுறை. எல்லாக் காட்சியும் ஃபுல். முதலாளியிடம் பேச நேரம் வாய்க்கவில்லை.

அக்டோபர் 9, திங்கள்

முதலாளி பழனிக்குப் போயிருக்கிறார்.

அக்டோபர் 12, வியாழன்

முதலாளி இருந்தார். எனக்குப் பல்வலி.

அக்டோபர் 17, செவ்வாய்

பல்வலி பொய். பயமாக இருக்கிறது. கேபினை விட்டால் எனக்கு வேறு வேலை தெரியாது. இந்த வயதில் காது போனவனை எந்தக் கடையில் சேர்ப்பார்கள்? தினமும் காலையில் இன்று சொல்லிவிடுவது என்று சட்டை போடுகிறேன், இரவு அதே சட்டையைக் கழற்றி மாட்டுகிறேன். நடுவில் பூங்கோதை வெங்காயம் உரிக்கிறாள்.

அக்டோபர் 23, திங்கள்

ஆயுத பூஜை. ப்ரொஜெக்டருக்குச் சந்தனம், குங்குமம், மாலை. கேபினுக்குள் எல்லோரும் நெருக்கியடித்து நின்றோம். முதலாளி சூடம் காட்டினார். பொரி கடலையை அள்ளி முதலில் என் கையில் கொடுத்து ஏதோ சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். எனக்குக் கேட்கவில்லை. வழக்கம்போல நானும் சிரிக்கப் போனேன். வாய் சிரிப்புக்குத் திறந்து, வேறு எதையோ பேசிவிட்டது.

"மொதலாளி, எனக்குக் காது கேக்காதுங்க. அன்னைக்குப் பூங்கோதை போன் பண்ணுச்சுங்க. மணி அடிச்சுதுங்க. எனக்குத்தான் கேக்கல. அந்தப் புள்ள மேல ஒரு தப்பும் இல்லீங்க."

மெதுவாகச் சொன்னதாகத்தான் நினைத்தேன். எல்லோரும் காதைப் பொத்தாத குறையாகப் பின்வாங்கியதைப் பார்த்தபோதுதான் எவ்வளவு சத்தமாகச் சொல்லியிருக்கிறேன் என்று புரிந்தது. சூடம் அணைந்துவிட்டது. யாரும் அதை மறுபடி ஏற்றவில்லை.

முதலாளி என்னைக் கீழே ஆபீஸ் அறைக்குக் கூட்டிப் போனார். கோபப்படுவார் என்று நினைத்தேன், படவில்லை. என் தோளைப் பிடித்து உட்காரவைத்து, ஒவ்வொரு சொல்லாக, வாயைப் பெரிதாகத் திறந்து பேசினார். "கேபின்ல இனி உங்கள வெக்க முடியாதுங்க. காங்கேயத்துல இருந்து ஆள் வரச் சொல்லிக்கறேன். அதுக்காக உங்கள நடுத்தெருவுல விட்டுருவனா? டார்ச் வேலை காலியாத்தானே கெடக்குது. அதப் பாருங்க. அதுக்குக் காது எதுக்கு?"

மேஜை டிராயரைத் திறந்து டார்ச்சை எடுத்து என் கையில் வைத்தார். பிடியில் நழுவாமல் இருக்க சிவப்பு ரப்பர் பேண்டு சுற்றியிருந்தது. பூங்கோதை சுற்றியது.

பூங்கோதைக்கு என்ன வழி என்று கேட்டேன். இரண்டு பேருக்கு வேலை எங்கே இருக்கிறது என்றார். கும்பிட்டுவிட்டு வெளியே வந்தேன். கும்பிட்டேன் என்பதை எழுதிவைக்க வேண்டும்.

அக்டோபர் 24, செவ்வாய்

காலைக் காட்சிக்கு முன்னால் வாசல் கதவருகே நின்றிருந்தேன், கையில் டார்ச். பூங்கோதை வந்தாள். நேற்று நான் சொன்னதை முஸ்தபா போன் பண்ணிச் சொல்லியிருக்கிறான், மீதிக் கதை அவனுக்கே அப்போது தெரியாது. யூனிஃபார்ம் சேலையை மடிப்புக் கலையாமல் தேய்த்துக் கட்டி, தலையில் கொஞ்சம் பூவும் வைத்துக்கொண்டு வந்தாள். விஜயதசமி நல்ல நாள், வேலையில் திரும்பச் சேர நல்ல நாள் என்று நினைத்திருப்பாள்.

என்னைப் பார்த்துச் சிரித்தாள். பிறகு என் கையைப் பார்த்தாள்.

டார்ச்சை முதுகுக்குப் பின்னால் மறைத்தேன். அந்த நேரத்தில் என்ன செய்வது என்று தெரியாமல் அதைத்தான் செய்தேன், திருடன் மாதிரி. அவள் எதுவும் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் எனக்குக் கேட்டிருக்காது. திரும்பி நடந்தாள். கேட்டைத் தாண்டும்போது தலையில் இருந்த பூவை எடுத்துக் கைக்குள் வைத்துக்கொண்டாள்.

ஒருத்தியை ஒரே வேலையிலிருந்து இரண்டு தடவை விரட்டியவன் இந்த ஊரில் நான் ஒருவன்தான்.

அக்டோபர் 25, புதன்

டார்ச்சை முதலாளி மேஜையில் வைத்துவிட்டு வந்துவிட்டேன். இது பூங்கோதையுடையது, அவளையே கூப்பிடுங்கள் என்றேன். அவருக்கு இப்போதுதான் கோபம் வந்தது. இரக்கப்பட்டால் இப்படித்தான் என்கிற மாதிரி ஏதோ சொன்னார், முழுதும் பிடிபடவில்லை. பார்க்கலாம் என்று கடைசியில் சொன்னதாகத் தெரிந்தது. பார்க்கலாம் என்றால் பார்க்கலாம் என்றும் அர்த்தம், மாட்டேன் என்றும் அர்த்தம்.

கேபினுக்குப் போய் என் டிஃபன் பாக்ஸையும் துண்டையும் எடுத்துக்கொண்டேன். புறாக் கூட்டைக் கலைக்க வேண்டாம் என்று புது ஆளிடம் சொன்னேன்.

வீட்டுக்கு வந்து சம்பூர்ணத்திடம் வேலையை விட்டுவிட்டேன் என்றேன். அவள் ஏதோ சொன்னாள். என்ன என்றேன். திரும்பச் சொன்னாள். திட்டுகிறாள் என்று நினைத்துத் தலையைக் குனிந்துகொண்டேன். இந்த டைரியை என் மடியிலிருந்து பிடுங்கி, அவளே எழுதிக் காட்டினாள்:

நல்லது செஞ்சீங்க. சாப்பிட வாங்க.

நவம்பர் 3, வெள்ளி

கோயமுத்தூர் போய்வந்தோம். இடது காது முழுக்கப் போய்விட்டது, வலதில் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது என்கிறார் டாக்டர். காதுக்கு மிஷின் வைத்தால் பேச்சு ஓரளவு விளங்கும், பழையபடி ஆகாது. தீபாவளி கழித்து வரச் சொன்னார். எத்தனை நாளாக இப்படி என்று கேட்டார். நான் இப்போதுதான் என்றேன். சம்பூர்ணம் மூன்று விரலைக் காட்டினாள். மூன்று மாதமா என்று டாக்டர் கேட்க, வருஷம் என்றாள். அவளுடைய உதட்டைப் பார்த்தே புரிந்துகொண்டேன். மூன்று வருடமாக என் பக்கத்திலிருந்து ஒருத்தி கத்திக்கொண்டே இருந்திருக்கிறாள், நான் அவளை முணுமுணுக்கிறவள் என்று எழுதியிருக்கிறேன்.

நவம்பர் 10, வெள்ளி

தீபாவளிப் படம் இன்று ரிலீஸ். கூட்டத்தைச் சமாளிக்க ஆள் இல்லாமல் முதலாளி பூங்கோதையைக் கூப்பிட்டுவிட்டார் என்று நேற்று முஸ்தபா வந்து சீட்டில் எழுதிக் காட்டினான். தீபாவளிக்கு மட்டுமா, நிரந்தரமா என்று தெரியாதாம்.

சம்பூர்ணத்தைக் கூட்டிக்கொண்டு மேட்னிக்குப் போனேன். வரிசையில் நின்று டிக்கெட் எடுத்தேன். என் தியேட்டரில் டிக்கெட் எடுப்பது இதுதான் முதல் தடவை. பால்கனிக் கதவில் பூங்கோதை நின்றிருந்தாள். டிக்கெட்டை வாங்கினாள், கிழித்தாள், பாதியை என் கையில் கொடுத்தாள். முகத்தைப் பார்க்கவில்லை. எல்லோருக்கும் காட்டுகிற மாதிரியே டார்ச்சைக் கீழே அடித்து, படியைக் காட்டி, சீட்டைக் காட்டிவிட்டுப் போனாள். கோபம் தீரவில்லை. தீர வேண்டும் என்று நான் எதிர்பார்க்கவும் இல்லை. டார்ச்சில் சிவப்பு ரப்பர் பேண்டு அப்படியே இருந்தது.

படம் ஆரம்பித்தது. வாய்கள் அசைந்தன. திரையில் தைத்த தழும்பு வெளிச்சமான காட்சிகளில் மட்டும் தெரிந்தது. கதை எனக்குப் பாதிதான் புரிந்தது, மீதியை நானே போட்டுக்கொண்டேன். சீட்டின் கைப்பிடியில் கை வைத்திருந்தேன், அங்கேயும் லேசாக அதிர்வு வந்தது.

பிறகு ஹீரோ வந்தார். ஹால் எழுந்து நின்றது. எனக்கு முன்னால் இருந்த வரிசை முழுக்கத் திரும்பி, கேபினைப் பார்த்துக் கையைத் தூக்கி, வாயைத் திறந்து கத்தினார்கள். செல்போன் விளக்குகள் ஆடின. அன்றைக்குப் பார்த்தது போலவே இருந்தது, எள்ளளவும் வித்தியாசம் இல்லை. கேபினில் இருக்கிற காங்கேயத்து ஆளை நினைத்துக்கொண்டேன். கொண்டாட்டமா, கோபமா? முகங்களைப் பார்த்துப் பார்த்துத் தேடினேன், இருட்டில் பிரித்துச் சொல்ல முடியவில்லை. சம்பூர்ணத்தைக் கேட்கத் திரும்பினேன். அவளும் எழுந்து நின்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் பால்கனிக் கதவுப் பக்கம் பார்த்தேன். அன்றைக்கே சரியாகப் பார்த்திருக்க வேண்டியது.

அத்தனை விளக்குகளுக்கு நடுவில் பூங்கோதையின் டார்ச் கீழ்நோக்கி, ஆடாமல் அசையாமல் நின்றது.

எல்லாம் சரி. நானும் எழுந்து கையைத் தூக்கினேன்.